மொட்டைக் கடிதமும் பதிவெண்ணும்

ஊரும் பேரும் கையெழுத்தும் இன்றி வரும் கடிதத்தை நம் நாட்டார் மொட்டைக் கடிதம் என்பர். அதனை நம்பி ஒருவன்மேல் பழி சுமத்துதல் தகாது என்பது நம் ஊர்ப் பஞ்சாயத்துகளிலும் பழகிய நெறியே. மொட்டைக் கடிதத்தில் எழுதியது மெய்யாகவும் இருக்கலாம், பொய்யாகவும் இருக்கலாம். அதன் குறை யாதெனின், பொய்யாயின் எவரைப் பிடித்துக் கேட்பது என்னும் வினாவிற்கு விடை இல்லாமையே. இந்நாளில் மக்கள் கையிலுள்ள செல்பேசிக்கு நாள்தோறும் வந்து குவியும் குறுஞ்செய்திகளிற் பல நெடுங்காலம் இத்தகைய மொட்டைக் கடிதங்களாகவே இருந்தன. அவற்றிற்கு ஊரும் பேரும் வாய்க்கச் செய்யும்பொருட்டு, டிராய் எனச் சுருங்க வழங்கும் இந்தியத் தொலைத்தொடர்பு ஒழுங்குமுறை ஆணையம் ஒரு பதிவு முறையை வகுத்துளது. அப்பதிவினால் ஒரு நிறுவனம் பெறும் எண் எத்தகையது, அஃது எதற்குச் சான்று, எதற்குச் சான்றன்று என்பவற்றை இக்கட்டுரையில் ஆராயப் புகுகின்றோம்.

இது வணிகரும் வழக்கறிஞரும் பேசவேண்டிய பொருளன்றோ, தமிழ்ப் பகுதியில் இதற்கு யாது இடம் என நண்பர் சிலர் எம்மை வினவினர். இடம் உண்டு என்பதே எம் துணிபு. ஏனெனில் இப்பதிவு முறையின்கீழ், அனுப்ப விரும்பும் செய்தியின் வாசகத்தையே முன்கூட்டி எழுதிக் காட்டி ஒப்புதல் பெறவேண்டும். வாசகம் தமிழாயின் தமிழ் இலக்கணம் குறுக்கே வந்து நிற்கிறது. அதனைப் பின்னர்க் காண்போம்.

செய்தி அனுப்புவோன் தன் பெயரை அரசாங்கத்திடம் பதிந்து கொள்ளும் வழக்கம் புதியதன்று. தந்தி நிலவிய நாளில் பெரிய வணிக நிலையங்கள் தந்தி அலுவலகத்தில் ஆண்டுக் கட்டணம் செலுத்தித் தமக்கெனச் சுருக்க விலாசம் ஒன்றைப் பதிவு செய்திருந்தன. அவர்தம் கடிதத்தாளின் தலையில் அவ்விலாசம் அச்சிடப்பட்டிருக்கும். நீண்ட பெயரும் தெருவும் எழுதாது அவ்வொரு சொல்லை எழுதினாலே தந்தி உரிய இடம் சேரும். ஒருவர் பதிந்த சொல்லை அதே ஊரில் மற்றொருவர் பதியலாகாது. தந்தி 2013 ஆம் ஆண்டு சூலைத் திங்களோடு இந்நாட்டில் நின்றுபோயிற்று. வானொலிப் பெட்டி வைத்திருப்போரும் 1980களின் நடுப்பகுதி வரையில் அஞ்சல் நிலையத்தில் உரிமம் பெற்று வந்தனர். எம் திருச்சபைகளின் ஞானஸ்நானப் பதிவேட்டையும் ஈண்டு நினைக்கின்றோம். பெயர் ஏட்டில் ஏறுதல் என்பது ஒருவன் ஓர் அவைக்குப் பொறுப்புடையவனாதல் என்றே அங்கும் பொருள்படும்.

இனி டிராய் வகுத்த முறைக்கு வருவோம். ஆணையம் நிறுவப்பட்டது 1997 ஆம் ஆண்டில். வேண்டாத விளம்பர அழைப்புகளைத் தடுக்க அது முதலில் 2007 இல் விதிகள் செய்தது. 2010 இல் அவ்விதிகளைத் திருத்தி அமைத்தபோது, விளம்பர அழைப்புத் தொழில் செய்வோர் ஆணையத்தினிடமே பதிவு செய்துகொண்டு எண் பெறவேண்டும் என்றும், அவர்கள் அழைக்கும் தொலைபேசி எண் 140 எனத் தொடங்கவேண்டும் என்றும் கட்டளை பிறந்தது. இம்முறையில் ஒரு குறை இருந்தது. பதிவு செய்தோர் இடைநின்று செய்தி கடத்துவோரே. செய்திக்கு உரியவர் அல்லர். கடிதம் சுமந்து வந்த தபாற்காரரின் பெயர் ஏட்டில் இருந்தது. எழுதியவர் பெயர் இல்லை.

2018 ஆம் ஆண்டு சூலைத் திங்கள் 19 ஆம் நாள் வெளியான விதிகளே இக்குறையை நீக்கின. அவற்றின்படி, பலருக்கு ஒருங்கே குறுஞ்செய்தி அனுப்பும் வங்கி, கடை, பள்ளி, மருத்துவமனை, சங்கம் எதுவாயினும் தானே தன் பெயரைப் பதிவு செய்தல் வேண்டும். இங்ஙனம் பதிவு செய்வோரை முதன்மை நிறுவனம் என விதிகள் கூறும். இடைநின்று கடத்துவோர் தனியே வேறு பதிவு செய்வர். யாம் இவ்விதிகளிற் கண்ட தலையாய மாறுதல் இதுவே. மற்றவை அனைத்தும் இதன் கிளைகள்.

பதிவு நடைபெறுவது ஆணையத்தின் அலுவலகத்தில் அன்று என்பதை வாசகர் கருத்திற் கொள்க. சட்டம் ஆணையத்தினுடையது, பதிவேட்டை வைத்துப் பேணுவோர் ஏர்டெல், ஜியோ, வோடபோன் ஐடியா, பி.எஸ்.என்.எல். முதலிய தொலைபேசி நிறுவனத்தார். வணிகர் இதனை டி.எல்.டி. பதிவு என்பர். அதன் கருத்து பகிர்ந்துவைத்த பேரேடு என்பதாம். ஒரே பேரேட்டின் படி எல்லா நிறுவனத்தாரிடமும் இருத்தலால், ஒருவரிடம் செய்த பதிவு மற்றவரிடமும் செல்லும். ஒருவர் தம் படியை மட்டும் மறைவாகத் திருத்துதல் அரிது.

பதிவு செய்ய விழைவோர் மேற்கூறிய நிறுவனங்களுள் ஒன்றின் பதிவுத் தளத்திற் புகுந்து, தம் நிறுவனம் எவ்வகையது என்பதையும், வருமானவரித் துறை அளித்த பான் எண்ணையும், ஜி.எஸ்.டி. உண்டாயின் அதனையும், நிறுவனம் பதிவு பெற்றதற்குச் சான்றையும், இன்னார் எம் சார்பிற் கையெழுத்திட உரியவர் என்னும் அதிகாரக் கடிதத்தையும் அளித்தல் வேண்டும். கட்டணம் நிறுவனத்திற்கு நிறுவனம் வேறுபடுதலால் முன்னரே விசாரித்தல் நன்று. ஆவணங்கள் சரிபார்க்கப்பட்ட பின்னர் 19 இலக்கமுள்ள எண் ஒன்று வழங்கப்பெறும். இதுவே முதன்மை நிறுவன எண். எண் கிடைத்த அளவில் வேலை முடிந்தது என எண்ணிவிடலாகாது. செய்தியின் தலையில் தோன்றும் பெயரை, அதாவது வணிகர் ஹெடர் என்பதனை, அடுத்துப் பதியவேண்டும். அதன்பின் அனுப்பக் கருதும் ஒவ்வொரு வாசகத்தின் மாதிரியையும் பதியவேண்டும். இம்மாதிரியை டெம்ப்ளேட் என்பர். யாம் வார்ப்பு என்போம். வார்ப்பு ஒவ்வொன்றிற்கும் தனி எண் உண்டு. இறுதியாக, இன்ன இடையாள் வழியாகவே எம் செய்தி செல்லும் என்று அவ்விடையாளையும் தம் எண்ணோடு பிணைத்துக் காட்டல் வேண்டும்.

இவை முடிந்த பிறகு அனுப்பும் ஒவ்வொரு செய்தியையும் தொலைபேசி நிறுவனம் சல்லடையில் இட்டுச் சலிக்கிறது. தலைப்பெயர் ஏட்டில் உளதா, வாசகம் வார்ப்போடு ஒக்கிறதா, விளம்பரமாயின் பெறுவோர் வேண்டாம் என்று முன்பே சொல்லியிருக்கின்றாரா என மூன்றையும் நோக்கி, ஒவ்வாததைத் தள்ளிவிடுகிறது.

இச்சல்லடை முதன்முதல் முழுமையாக ஆடப்பெற்ற நாள் 2021 ஆம் ஆண்டு மார்ச்சு 8. அன்று நிகழ்ந்ததை நினைவிற் கொண்டோர் நம்மிற் பலர் இருப்பர். வாசகங்களைப் பதியாமலும், பதிந்தும் எழுத்து மாறி அனுப்பியும் இருந்த நிறுவனங்களின் செய்திகள் அனைத்தும் தள்ளுண்டன. வங்கிகள் அனுப்பும் ஓ.டி.பி. என்னும் ஒருமுறைக் கடவுச்சொல் வாராமையால் நாடெங்கும் பணப் பரிமாற்றம் தடைப்பட்டது. தடுப்பூசிக்கு முன்பதிவு செய்ய முயன்றோரும் இடர்ப்பட்டனர். மறுநாளே ஆணையம் சலித்தலை ஏழு நாள் நிறுத்தி வைத்தது. மாத இறுதியில், கட்டளையை நிறைவேற்றாத நிறுவனங்களின் பட்டியலையும் வெளியிட்டது. அதில் பெரிய வங்கிகளும் இருந்தன. சட்டம் 2018 இல் வந்தது. ஆயத்தம் 2021 இலும் முடியவில்லை. இதற்கு ஏழை வணிகரின் அறியாமையைக் காரணம் கூறுதல் பொருந்தாது. பெருஞ்செல்வமும் கணினி வல்லுநரும் உடையோரே பின்தங்கினர்.

இதனை எம் மாவட்டத்தில் வைத்துக் காண்போம். கிருஷ்ணகிரி மாவட்டம் 2004 ஆம் ஆண்டு பிப்ரவரித் திங்களில் தருமபுரியினின்றும் பிரிந்தது. அதன் வடமேற்கு மூலையில் ஓசூர். சிப்காட் தொழிற்பேட்டையும், அசோக் லேலண்ட், டி.வி.எஸ்., டைட்டன் முதலிய ஆலைகளும், அவற்றிற்கு உறுப்புகள் செய்து தரும் சிறு பட்டறைகளும் அங்கு நெருங்கியுள்ளன. ஜூஜூவாடியைக் கடந்தால் கர்நாடகத்தின் அத்திப்பள்ளி. தொலைத்தொடர்புத் துறையார் இந்நாட்டை 22 சேவை வட்டங்களாகப் பகுத்துள்ளனர். ஓசூர் தமிழ்நாட்டு வட்டத்தைச் சார்ந்தது; நாற்பது கிலோமீட்டர் அளவில் உள்ள பெங்களூர் கர்நாடக வட்டத்தைச் சார்ந்தது. எல்லையோரத்தில் நடந்து செல்பவனுடைய செல்பேசி அவன் கால் தமிழ்நாட்டில் இருக்கவே கர்நாடகக் கோபுரத்தைப் பற்றிக்கொள்வதும் உண்டு. காற்றுக்குச் சோதனைச்சாவடி ஏது?

இங்குள்ள வணிகர்க்கு ஓர் ஐயம் எழுவது இயல்பு. வாடிக்கையாளர் இரு மாநிலத்தும் இருப்பாராயின் இரண்டு பதிவு வேண்டுமோ எனின், வேண்டா. பதிவு நாடு முழுதிற்கும் ஒன்றே. ஆனால் வார்ப்பு அங்ஙனம் அன்று. ஓசூர்ப் பகுதியில் தமிழ், தெலுங்கு, கன்னடம், உருது என நான்கும் பேசப்படுகின்றன. நான்கு மொழியினும் செய்தி அனுப்ப விரும்பும் கடைக்காரர் ஒரே பொருளுக்கு நான்கு வார்ப்புகளைப் பதியவேண்டும். ஒரு மொழியில் ஒப்புதல் பெற்றதனை வேறு மொழியிற் பெயர்த்து அனுப்பின் சல்லடை விடாது.

வட்டத்தின் அடையாளம் செய்தியின் தலையிலேயே பொறிக்கப்பட்டிருப்பதை வாசகர் பலரும் கண்டிருப்பினும் அதன் பொருளை ஆராய்ந்திரார். தலைப்பெயருக்கு முன் இரண்டு உரோமன் எழுத்துகள் நிற்கும். முதலெழுத்து செய்தி கிளம்பிய தொலைபேசி நிறுவனத்தைச் சுட்டும்: ஏ என்பது ஏர்டெல், பி என்பது பி.எஸ்.என்.எல்.; ஜே என்பது ஜியோ; வி என்பது வோடபோன் ஐடியா. இரண்டாம் எழுத்து வட்டத்தைச் சுட்டும். டி என்பது தமிழ்நாடு. கர்நாடகத்திற்குக் கே கிடைத்திலது. அதனைக் கொல்கத்தா எடுத்துக்கொண்டது. ஆதலின் கர்நாடகத்திற்கு எக்ஸ் என்னும் எழுத்து அமைந்தது. ஓசூரில் வாழ்வோர்க்கு டி, எக்ஸ் என்னும் இரண்டும் பழகிய எழுத்துகளே. எனினும் எக்ஸ் என வந்தமையால் அனுப்பினோர் கன்னட நாட்டார் என முடிபு செய்தல் கூடாது. செய்தி எவ்வழியே புறப்பட்டது என்பதையே அவ்வெழுத்துக் கூறும். அனுப்புவோர் குடியிருக்கும் ஊரை அன்று.

இவ்விரண்டெழுத்தை அடுத்து ஒரு கோடும், பின் அனுப்புவோரின் பெயர்ச்சுருக்கம் ஆறெழுத்தும் வரும். விளம்பரச் செய்தியாயின் எழுத்திற்கு மாறாக ஆறு இலக்கங்கள் வரும். அவற்றுள் முதல் இலக்கம் விளம்பரம் எத்துறையது என்பதைக் காட்டும். வங்கியும் காப்பீடும் 1, மனை வணிகம் 2, கல்வி 3, நலவாழ்வு 4 என்பன போல. 2025 ஆம் ஆண்டு பிப்ரவரி 12 ஆம் நாள் செய்த திருத்தத்தினால் இறுதியில் இன்னும் ஓர் எழுத்துச் சேர்ந்தது. பி எனின் விளம்பரம். எஸ் எனின் சேவை பற்றிய அறிவிப்பு. டி எனின் பணப் பரிமாற்றம் முதலியவை. ஜி எனின் அரசாங்கம். முன்னே நிற்கும் டி தமிழ்நாடு, பின்னே நிற்கும் டி பரிமாற்றம் என வேறுபாடு அறிந்து கொள்க. ஓரெழுத்து இடத்தால் பொருள் வேறுபடுதல் தமிழ் பயில்வோர்க்குப் புதிதன்று. தலைப்பெயர் எந்நிறுவனத்திற்குரியது என்பதை ஆணையத்தின் தலைப்பெயர்த் தளத்தில் எவரும் இலவசமாகத் தேடிக் காணலாம்.

பதியாதார் நிலை யாது? ஓசூரில் ஒரு சிறு பட்டறைக்காரரோ, தனிப்பயிற்சி நடத்தும் ஆசிரியரோ, தம் சொந்தச் செல்பேசியினின்றும் அறிமுகம் இல்லாதார் நூற்றுவர்க்கு விளம்பரம் அனுப்புகிறார் எனக் கொள்வோம். அவர் திருடரல்லர், வாடிக்கை வேண்டுபவர். முன்னாளில் ஏழு நாளில் பத்து முறையீடு வந்தாலே நடவடிக்கை எழும்; 2025 ஆம் ஆண்டுத் திருத்தத்தின்படி பத்து நாளில் ஐந்து முறையீடு போதும். முதல் தவற்றிற்கு அவருடைய தொலைபேசியிலிருந்து வெளிச்செல்லும் அழைப்பும் செய்தியும் பதினைந்து நாள் நிறுத்தப்படும். மீண்டும் செய்தால் அவர் பெயரில் உள்ள எல்லாத் தொலைபேசி இணைப்புகளும் ஓராண்டு துண்டிக்கப்படும். பெரிய ஆலைக்கு இஃது ஓர் இடையூறு. பட்டறைக்காரர்க்கோ தொலைபேசியே கடையின் வாயில். 2024 ஆம் ஆண்டு ஆகஸ்டில் பதிவில்லா விளம்பரக்காரரின் இணைப்புகளைத் துண்டிக்க ஆணையம் கட்டளையிட, சில வாரங்களுள் 2.75 இலட்சத்துக்கு மேற்பட்ட இணைப்புகள் துண்டிக்கப்பட்டன. சட்டம் அறியேன் என்பது விடையாகாது எனினும், சட்டத்தை எளிய தமிழில் எழுதி வணிகர் சங்க வாயிலில் ஒட்டுவார் இல்லையே என்பது எம் வருத்தம்.

இன்னொரு எச்சரிக்கையும் கூறவேண்டியுளது. பதிவின் அலுப்புக்கு அஞ்சி, எல்லாவற்றையும் நாங்களே செய்து தருகிறோம் என்னும் இடையாளிடம் பான் எண்ணையும் கடவுச்சொல்லையும் ஒப்படைத்து விடுவோர் உளர். எண் யார் பெயரில் உளதோ அவரே அவ்வெண்ணின் கீழ்ச் செல்லும் செய்திக்குப் பொறுப்பாளி. தன் முத்திரை மோதிரத்தை வழிப்போக்கன் விரலில் மாட்டி விடுவது போன்றது அச்செயல்.

பதிவெண் எதற்குச் சான்றன்று என்பதை இனிக் கூறுவோம். பதிந்தவர் உண்மையே பேசுவார் என்பதற்கு அஃது உறுதியன்று. பதிந்த பெயரை வஞ்சகர் களவாகப் பயன்படுத்தியதும் உண்டு. ஒருவர் பதிந்து மறந்துவிட்ட தலைப்பெயர்களும், மாறும் இடங்கள் மிகுதியாக உள்ள வார்ப்புகளும் அவர்க்கு வாயிலாயின. அதனால் 2023 ஆம் ஆண்டு பிப்ரவரி 16 இல், பதிந்தவை அனைத்தையும் மீளச் சரிபார்த்துப் பயனற்றவற்றை முடக்குமாறு ஆணையம் பணித்தது. 2024 அக்டோபர் முதல், முன்னறிவித்துப் பதியாத இணைய முகவரி எதனையும் தாங்கிய செய்தி தடுக்கப்படுகிறது. அவ்வாண்டு டிசம்பர் 11 முதல், அனுப்புவோர் தொடங்கி இடையாள் ஈறாகச் சங்கிலி முழுதும் தெரியாத செய்தி செல்வதில்லை. ஒவ்வோர் ஓட்டையாக அடைக்கின்றனர். எனினும் வாட்ஸ்அப் முதலிய வழிகளில் வருவன இப்பதிவேட்டில் அடங்கா. தொழிற்பேட்டையில் வேலை உண்டு, முன்பணம் கட்டுக எனப் பத்திலக்கச் சாதாரண எண்ணிலிருந்து வரும் செய்தி பழைய மொட்டைக் கடிதமேயாம். வேண்டாத விளம்பரமாயின் ஏழு நாளுக்குள் 1909 என்னும் எண்ணுக்கு முறையிடலாம். பணம் இழந்தோர் தாழ்க்காமல் 1930 என்னும் எண்ணை அழைத்தல் வேண்டும்.

பிற நாட்டார் செய்கையை ஒரு சிறிது நோக்குவோம். அமெரிக்க ஐக்கிய நாட்டின் கூட்டாட்சித் தொடர்பு ஆணையம், தன்னோடு அலுவல் உடையார் யாவரும் பத்திலக்கப் பதிவெண் ஒன்று பெறவேண்டும் என்று 2001 முதல் விதித்துளது. அங்கு எண் ஆணையத்திடமிருந்தே நேரே கிடைக்கும். தமிழ் ஆட்சிமொழிகளுள் ஒன்றாயிருக்கும் சிங்கப்பூரின் வரலாறு நமக்கு இன்னும் நெருங்கியது. 2021 ஆம் ஆண்டின் இறுதியில் ஒரு வங்கியின் பெயரைத் தலையில் தாங்கிப் பொய்ச் செய்திகள் அந்நாட்டார்க்குச் சென்றன. செல்பேசி, பெயர் ஒன்றாயிருத்தலின், அவற்றை அவ்வங்கி மெய்யாக அனுப்பிய செய்திகளின் வரிசையிலேயே அடுக்கிக் காட்டிற்று. ஏறக்குறைய 790 பேர் 137 இலட்சம் சிங்கப்பூர் வெள்ளி இழந்தனர். அதன்பின் 2023 சனவரி 31 முதல் தலைப்பெயர்ப் பதிவு அங்குக் கட்டாயமாயிற்று; பதியாத பெயரோடு வருவதன்மேல் இது மோசடியாகலாம் என்னும் பொருள்பட முத்திரை விழும்படி செய்தனர். பதியாததைத் தள்ளிவிடுவது நம் முறை. முத்திரை குத்திக் கையிற் கொடுத்தது அவர் முறை. 2021 மார்ச்சில் நாம் பட்ட பாட்டை நினைக்குங்கால், தொடக்கத்திலேனும் அவர் முறை நன்றாயிருந்திருக்கும் என்று எமக்குத் தோன்றுகிறது.

இனித் தமிழுக்கு உரிய பகுதி. உலகின் முதற் குறுஞ்செய்தி 1992 ஆம் ஆண்டு டிசம்பர் 3 இல் இங்கிலாந்தில் அனுப்பப்பட்டது. அது கிறிஸ்துமஸ் வாழ்த்து. ஒரு குறுஞ்செய்தியில் அடங்குவது 1120 துகள். உரோமன் எழுத்து ஒன்றுக்கு ஏழு துகள் போதுமாதலின் 160 எழுத்து அடங்கும். தமிழ் முதலிய மொழிகளுக்கு யூனிகோடு முறையில் ஓரிடத்திற்குப் பதினாறு துகள் வேண்டும். ஆதலின் எழுபதே அடங்கும். இவ்வெழுபதும் தமிழ் எழுத்து எழுபது அல்ல. யூனிகோடு, கு என்பதைக் ககரமும் உகரக் குறியுமாக இரண்டென எண்ணும். க் என்பதைக் ககரமும் புள்ளியுமாக இரண்டென எண்ணும். மெய்க்கு அரை மாத்திரை என்று வகுத்தார் நம் இலக்கண முதல்வர். செல்பேசியோ அகரமேறிய க என்பதற்கு ஓரிடமும், அதனிற் குறைந்த க் என்பதற்கு ஈரிடமும் வாங்குகிறது!

நாளை கல்லூரிக்கு விடுமுறை என்னும் தொடரை எண்ணிப் பாருங்கள். நம் கணக்கில் எழுத்துப் பன்னிரண்டு; இடைவெளி இரண்டு; ஆகப் பதினான்கு. செல்பேசியின் கணக்கில் இருபத்தைந்து. எழுபதைக் கடந்தால் இரண்டு செய்தியாகக் கணக்கிட்டு இரட்டைக் கட்டணம் கொள்வர். தமிழ் எழுத்து ஒவ்வொன்றுக்கும் ஓரிடமே தரும் குறியீட்டு முறை ஒன்றைத் தமிழ்நாட்டு அரசு 2010 ஆம் ஆண்டில் யூனிகோட்டோடு சேர்த்து ஏற்றது. ஆயினும் செல்பேசிகளில் வழங்குவது யூனிகோடே. வணிகர் தமிழை விட்டு ஆங்கிலத்தில் அனுப்புவதற்கு மொழிப்பற்றின்மையை மட்டும் காரணம் கூறுவோர் இக்கட்டணத்தையும் கணக்கில் எடுத்தல் வேண்டும்.

தலைப்பெயரோ உரோமன் எழுத்தில்தான் அமைகிறது. கிருஷ்ணகிரி என்பது தமிழில் ஆறே எழுத்து. விதி கேட்பதும் ஆறே எழுத்து. தமிழில் எழுத இடம் இருந்தால் எம் ஊர்ப்பெயர் அளவெடுத்துத் தைத்த சட்டைபோல் அதனுள் அடங்கும். உரோமனில் பதினோரெழுத்து; ஐந்தை வெட்டினாலன்றி நுழையாது.

இதனினும் நுட்பமானது வார்ப்பின் சிக்கல். வார்ப்பில் மாறாத சொற்களும், பெயர், தொகை, நாள் போன்றன வந்து அமரும் வெற்றிடங்களும் இருக்கும். ஒவ்வொரு வெற்றிடத்திற்கும் முப்பது குறிகள் வரை இடமுண்டு. ஒரு மாங்கூழ் ஆலை, உழவர்களுக்கு இன்ன ஊரில் நாளை கொள்முதல் என்று அறிவிக்க விழைகிறது எனக் கொள்க. ஊர்ப்பெயருக்கு வெற்றிடம் விட்டு, அதன்பின் இல் என்னும் உருபை மாறாச் சொல்லாக எழுதிப் பதிந்தால் விளைவது யாது? ஆங்கிலத்தில் உருபுச்சொல் முன்னே தனித்து நிற்றலால் எவ்வூர் வரினும் இடரில்லை. தமிழிலோ ஓசூர் ஓசூரில் ஆகும்; தளி யகர உடம்படுமெய் பெற்றுத் தளியில் ஆகும்; காவேரிப்பட்டணம் மகரம் கெட்டு அத்துச் சாரியை ஏற்றுக் காவேரிப்பட்டணத்தில் ஆகும். மூன்று ஊருக்கு மூன்று புணர்ச்சி. வார்ப்பு ஒன்று. காவேரிப்பட்டணம்இல் என்று அச்சாகி வருவதைக் காணும் உழவர், இது மெய்யான ஆலையின் செய்தியோ, மோசடிக்காரன் எழுதிய அரைகுறைத் தமிழோ என ஐயுறுவர். பிழைத்தமிழ் பொய்ச் செய்தியின் அடையாளமாக மக்கள் மனத்திற் பதிந்திருக்கும் இக்காலத்தில் மெய்ச் செய்தியும் பிழையோடு வருமாயின் பதிவெண்ணின் பயன் பாதி கெடும்.

இதற்கு வழி இலக்கணத்திலேயே உளது. வெற்றிடத்தை உருபு ஏலாத இடத்தில் வைத்தல் வேண்டும். கொள்முதல் ஊர் என எழுதி முக்காற்புள்ளி இட்டு வெற்றிடம் விடலாம். அன்றி, வெற்றிடத்தின்பின் என்னும் ஊரில் என்று எழுதலாம். ஓசூர் என்னும் ஊரில், தளி என்னும் ஊரில், காவேரிப்பட்டணம் என்னும் ஊரில் என எதுவும் இயையும். ஆட்பெயருக்குப் பின் அவர்களுக்கு என நிறுத்தினால் நான்காம் வேற்றுமை பெயரைத் தீண்டாது. வந்தான், வந்தாள் என்னும் பால்வேறுபாடும், வந்தார் என்னும் உயர்வுப் பன்மையால் தொல்லை தராது. யாம் இம்முறையில், எடை, விலை, தொகை, கட்டண நிலுவை, கூட்ட நாள் ஆகியவற்றை அறிவிக்கும் வார்ப்புகள் சிலவற்றை எழுதிப் பார்த்தோம். பெரும்பாலானவற்றை எழுபது குறிக்குள் அடக்குதல் கடினமாயிற்று. என்னும் ஊரில் என்பது இடைவெளியோடு பதின்மூன்று குறி கொள்ளுதலால், ஊர் என எழுதி முக்காற்புள்ளி இடுவதே சிக்கனம் எனக் கண்டோம்.

இறுதியாக இசைவு பற்றி ஒரு சொல். விளம்பரம் பெறச் சம்மதம் என்று கடைகளில் தாளில் எழுதி வாங்கியதையே இதுகாறும் பலர் சான்றாகக் காட்டி வந்தனர். அதனைச் சரிபார்க்க ஒருவராலும் இயலாது. இசைவையும் அப்பேரேட்டிலேயே ஏற்றும் முறையை ஆணையம் இந்திய ரிசர்வு வங்கியோடு கூடி 2025 ஆம் ஆண்டில் சில வங்கிகளைக் கொண்டு சோதிக்கத் தொடங்கிற்று. அதன்பொருட்டு வரும் செய்திகள் 127 எனத் தொடங்கும் எண்ணிலிருந்து வரும். இன்ன நிறுவனம் இன்னதற்கு உம் இசைவு கேட்கிறது என அதில் இருக்கும். ஒப்பலாம், மறுக்கலாம், முன்பு ஒப்பியதைத் திரும்பப் பெறவும் செய்யலாம்.